கங்காணியின் முதல் அடி: மாக்ஸ் ரோச், தாளம், உழைப்பு

1961 மே 19 இரவு. நியூயார்க் கார்னகி ஹாலில் மைல்ஸ் டேவிஸ் வாசித்துக்கொண்டிருக்கிறார். ஆஃப்ரிக்காவில் மருத்துவ உதவி செய்துவந்த ஆஃப்ரிக்க ஆய்வு அறக்கட்டளை என்ற அமைப்புக்கு நிதி திரட்டும் கச்சேரி அது. பாதியில் வெள்ளைக் கோட்டு அணிந்த ஒரு கறுப்பர் நடந்துவந்து மேடையின் விளிம்பில் உட்கார்ந்துகொள்கிறார். கையில் ஓர் அட்டை. ஆஃப்ரிக்கா ஆஃப்ரிக்கர்களுக்கே, விடுதலை இப்போதே என்று எழுதியிருக்கிறது. மைல்ஸ் வாசிப்பை நிறுத்திவிட்டு உள்ளே போய்விடுகிறார். காவலர்கள் வந்து உட்கார்ந்திருந்தவரைத் தூக்கிக்கொண்டு போகிறார்கள். பிறகு மைல்ஸ் திரும்பி வர, கச்சேரி நடக்கிறது. தூக்கிச் செல்லப்பட்டவர் மாக்ஸ் ரோச். 1947இல் சார்லி பார்க்கரின் குழுவில் இதே மைல்ஸோடு டிரம்ஸ் வாசித்தவர், நெடுநாள் சிநேகிதர். அந்த அறக்கட்டளை காலனிய நலன்களுக்குத் துணைபோகிறது என்பது அவர் தரப்புக் குற்றச்சாட்டு.

ஜாஸ் வரலாறுகளில் இது ஒரு சுவையான துணுக்காக வந்துபோகும். ஒரு கலைஞர் இன்னொரு கலைஞரின் கச்சேரியைக் கெடுத்தார், அவ்வளவுதான். எனக்கு உறுத்துவது வேறு. அதுவரையிலான வாழ்க்கையில் பெரும்பகுதியை மேடையின் பின்வரிசையில் உட்கார்ந்து கழித்த ஒருவர் முன்விளிம்புக்கு வந்து உட்காரும்போது கையில் குச்சிகள் இல்லை. டிரம்ஸால் சொல்ல முடியாத எதையோ சொல்ல அட்டையைத் தூக்கினாரா? அல்லது டிரம்ஸில் ஏற்கெனவே சொல்லிவிட்டதை யாரும் கேட்கவில்லை என்பதால் தூக்கினாரா?

தோல் கருவி என்றாலே விடுதலையின் குரல் என்று எழுதிவிடுவது நம் பக்கங்களில் ஒரு பழக்கமாகிவிட்டது. நானும் எழுதியிருக்கிறேன். ரோச்சின் வாழ்க்கையைப் படிக்கப் படிக்க, அந்த வாக்கியத்தை அவ்வளவு சுலபமாக எழுத முடியாது என்று தோன்றுகிறது.

வட அமெரிக்க அடிமை முறையின் வரலாற்றில் முரசுக்குத் தடை உண்டு. 1739 செப்டம்பரில் தென் கரோலினாவில் ஸ்டோனோ ஆற்றங்கரையில் அடிமைகள் கிளர்ந்தெழுந்து முரசடித்துக்கொண்டு தெற்கு நோக்கி நடந்தார்கள். கிளர்ச்சி நசுக்கப்பட்டது. அடுத்த வருஷமே, 1740இல், அந்தக் காலனியின் சட்டம் அடிமைகள் முரசும் கொம்பும் வைத்திருப்பதைத் தடை செய்தது. ஒருவரையொருவர் கூப்பிடவும் சைகை கொடுக்கவும் பயன்படும் ஓசை எதுவும் அடிமைகள் கையில் இருக்கக் கூடாது. முரசுக்கு மொழி இருக்கிறது என்பதை இசை ஆய்வாளர்களுக்கு முன்பாகவே எஜமானர்கள் புரிந்துகொண்டுவிட்டார்கள். முரசு போனபின் உடம்பே முரசாயிற்று. தொடை, மார்பு, கன்னம், தரை என்று தட்டித் தாளம் போட்டார்கள்.

இது தெரிந்த கதை. இதன் மறுபக்கம் அதிகம் பேசப்படுவதில்லை. இன்று டிரம்ஸ் என்று நாம் சொல்லும் கருவித் தொகுப்பு எங்கிருந்து வந்தது? பெரிய பேஸ் டிரம்மும் ஸ்நேரும் ஐரோப்பிய இராணுவ வாத்தியக் குழுக்களிலிருந்து. சிம்பல் துருக்கியிலிருந்து. டாம்-டாம் சீனாவிலிருந்து. மூன்று பேர் நின்று வாசித்தவற்றை ஒரே ஆளை உட்கார வைத்து வாசிக்கச் செய்தது ஒரு சின்ன இயந்திரம்: கால் பெடல். 1909இல் லுட்விக் சகோதரர்கள் அதைச் செம்மைப்படுத்திச் சந்தைக்குக் கொண்டுவந்தார்கள். ஆட்குறைப்புக் கருவி என்றே இதைச் சொல்ல வேண்டும். கச்சேரி முதலாளிக்கு இரண்டு கூலி மிச்சம். மீந்தவன் இரண்டு கை, இரண்டு கால் நான்கையும் ஓயாமல் ஆட்டிக்கொண்டு, மற்றவர்கள் ஆடுவதற்கும் பாடுவதற்கும் காலத்தைப் பிடித்துக் கொடுக்க வேண்டும். ஆங்கிலத்தில் அவனைக் காலம் காப்பவன் என்று சொல்வார்கள். ஆலைகளில் தொழிலாளி வந்த நேரம் போன நேரம் குறிக்கிறவனுக்கும் அதே பெயர்தான்.

மாக்ஸ் ரோச் 1924 ஜனவரி 10இல் வட கரோலினாவின் நியூலாந்தில் பிறந்தார். நான்கு வயதில் குடும்பம் நியூயார்க்கின் புரூக்லினுக்குக் குடிபெயர்ந்தது. தெற்கிலிருந்து வடக்கு நோக்கி லட்சக்கணக்கான கறுப்பர்கள் நடந்த அந்தப் பெரும் இடப்பெயர்வில் இதுவும் ஒரு வீடு. தாய் தேவாலயத்தில் பாடுகிறவர். பையன் பத்து வயதில் தேவாலய இசைக்குழுக்களில் டிரம்ஸ் வாசிக்கிறான். 1942இல், பதினெட்டு வயதில், டியூக் எலிங்டனின் டிரம்மர் சன்னி கிரியருக்கு உடம்பு முடியாமல் போக, பாரமவுண்ட் தியேட்டரில் அந்த இடத்தில் உட்காரும் வாய்ப்பு. அதன்பின் ஹார்லமின் விடியற்கால விடுதிகள், மன்ரோஸ், மின்டன்ஸ்.

அங்கே நடந்ததைத்தான் பின்னால் பீபாப் என்றார்கள். இதை மேதைகளின் கதையாக மட்டுமே சொல்கிறார்கள்: பார்க்கர், கில்லெஸ்பி, மங்க். மேதைகள்தான், சந்தேகமில்லை. ஆனால் கூடவே மூன்று வறண்ட விஷயங்களையும் சொல்ல வேண்டும். 1942 ஆகஸ்டில் இசைக்கலைஞர் சங்கம் ஒலிப்பதிவு நிறுவனங்களுக்கு எதிராக வேலைநிறுத்தம் செய்தது. அது முழுதாக முடிய 1944 நவம்பர் ஆயிற்று. புதிய இசை வளர்ந்த முக்கியமான நாட்களுக்கு அதனால் பதிவே அநேகமாக இல்லை. இரண்டாவது, போர்க்காலத்தில் பெரிய குழுக்களை ஊர் ஊராக இழுத்துச் செல்ல ஆளும் இல்லை, பெட்ரோலும் இல்லை. மூன்றாவது வரி. 1944இல் மத்திய அரசு நடனமும் பாட்டும் உள்ள கேளிக்கை விடுதிகளுக்கு 30 சதம் வரி போட்டது, சில மாதங்களில் 20 சதமாகக் குறைத்தது. வெறும் வாத்திய இசைக்கு வரியில்லை. விடுதிக்காரன் ஆடுகளத்தை மூடி நாற்காலி போட்டான். ஜனங்கள் உட்கார்ந்து கேட்க ஆரம்பித்தார்கள். ரோச்சே இந்த வரியைப் பற்றிப் பேசியிருக்கிறார். ஆடுகிற கால்களுக்காக டிரம்மர் உழைக்க வேண்டியதில்லை என்றானது ஓரளவு இப்படித்தான்.

ஆடுகிறவர்கள் போனதும் டிரம்மரின் வலது கால் கொஞ்சம் ஓய்ந்தது. இந்த மாற்றத்தைத் தொடங்கியவர் ரோச் இல்லை, அவருக்குப் பத்து வயது மூத்த கென்னி கிளார்க். அதுவரை பேஸ் டிரம்மில் நாலு அடியும் விடாமல் மிதித்துக் காலத்தைக் காட்டுவார்கள். கிளார்க் அந்த வேலையைச் சிம்பலுக்கு மாற்றினார். குச்சி நுனியில் சிம்பல் தொடர்ச்சியாக மினுங்கிக்கொண்டிருக்க, காலும் இடது கையும் விடுபட்டன. விடுபட்ட கால், எதிர்பாராத இடத்தில் 'தொம்' என்று ஒன்று போடும். போர்க்காலம் அல்லவா, அதைக் குண்டு போடுவது என்றார்கள். கிளார்க் இராணுவத்துக்குப் போன 1943 முதல் 1946 வரையிலான இடைவெளியில் அந்த வழியை எடுத்துச் சென்று அதற்கு முழு இலக்கணம் செய்தவர் ரோச். 1945 நவம்பரில் பார்க்கரோடு செய்த 'கோ-கோ' ஒலிப்பதிவைக் கேளுங்கள். அந்த வேகத்தில் நான்கு உறுப்புகளும் நான்கு விதமாக யோசிக்கின்றன. இதைத் திறமை என்று பாராட்டி முடித்துக்கொள்ளலாம். நான் இதை உழைப்பின் மறுபங்கீடு என்று வாசிக்கிறேன். காலம் காக்கிற வேலை மறையவில்லை. அது உடம்பில் இடம் மாறி, இலேசாகி, மிச்ச உறுப்புகளுக்குப் பேச நேரம் கொடுத்தது.

பேச என்றால், வெறும் சத்தமில்லை. ரோச்சின் தனி வாசிப்பில் பாட்டின் வடிவம் கலையாது. முப்பத்திரண்டு அளவு கொண்ட பாட்டென்றால் அந்த முப்பத்திரண்டின் மடிப்புகளையும் திருப்பங்களையும் டிரம்ஸில் கேட்கலாம். ஒரு சொற்றொடர் வரும், சற்று மாறித் திரும்ப வரும், அதற்குப் பதில் வரும். வேகத்தைக் காட்டி மிரட்டுகிற டிரம்மர்கள் அன்றும் இன்றும் உண்டு. ரோச்சிடம் எனக்குப் பிடித்தது அவர் விட்ட இடைவெளி. தட்டாமல் விட்ட இடம் அடுத்த தட்டைக் கேட்க வைக்கிறது.

1940களின் இறுதியில் ஹைட்டிக்குப் போய் டி ரோரோ என்ற முரசுக் கலைஞரிடம் படித்தார். 1950இல் மன்ஹாட்டன் இசைக் கல்லூரியிலும் சேர்ந்தார். அங்கே தாள வாத்திய ஆசிரியர் இவருடைய வாசிப்பைக் கேட்டுவிட்டு, உன் முறை முழுவதும் தப்பு என்றாராம். ஐம்பத்திரண்டாம் தெருவில் அந்தத் தப்பான முறையில்தான் இவர் சம்பாதித்துக்கொண்டிருந்தார். சரியான முறைக்கு மாறினால் சோறு போய்விடும். ரோச் தாள வாத்தியத்தை விட்டுவிட்டு இசையமைப்புப் பாடத்துக்கு மாறிக்கொண்டார். பின்னாளில் இதைச் சிரித்துக்கொண்டே சொல்வார். கல்விப்புலம் எதை முறை என்கிறது, எதைத் தப்பு என்கிறது என்பதை அறிய இந்தக் கதை போதும். தமிழ் எம்.ஏ. படித்த எனக்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படவில்லை.

1952இல் சார்ல்ஸ் மிங்கஸ், சீலியா மிங்கஸ் ஆகியோரோடு சேர்ந்து டெபுட் என்ற ஒலிப்பதிவு நிறுவனத்தைத் தொடங்கினார். வாசிக்கிறவர்களே இசைத்தட்டை விற்பது என்ற முயற்சி. 1953 மே 15இல் டொராண்டோவின் மாஸி ஹாலில் பார்க்கர், கில்லெஸ்பி, பட் பவல், மிங்கஸ், ரோச் ஐவரும் வாசித்ததை வெளியிட்டது அந்த நிறுவனம்தான். சில வருஷங்களில் முயற்சி ஓய்ந்தது. 1954இல் டிரம்பெட் கலைஞர் கிளிஃபர்ட் பிரவுனோடு ஐவர் குழு. 1956 ஜூன் 26 இரவு பென்சில்வேனியா நெடுஞ்சாலையில் கார் விபத்து. இருபத்தைந்து வயது பிரவுன், குழுவின் பியானோ கலைஞர் ரிச்சி பவல், அவர் மனைவி மூவரும் இறந்தார்கள். ரோச் குடியிலும் மனச்சோர்விலும் விழுந்தார். பல வருஷங்கள் அது அவரை விடவில்லை.

1960க்கு வருவோம். பிப்ரவரி 1. அவர் பிறந்த அதே வட கரோலினாவில், கிரீன்ஸ்பரோவில், நான்கு கறுப்பு மாணவர்கள் வுல்வொர்த் கடையின் வெள்ளையர் உணவு மேடையில் உட்கார்ந்தார்கள். மார்ச் 21, தென்னாப்பிரிக்காவின் ஷார்ப்வில்லில் போலீஸ் சுட்டு 69 பேர் சாவு. ஜூலையில் நியூபோர்ட் இசைவிழாவின் பாகுபாட்டுக்கும் வியாபாரத்துக்கும் எதிராக மிங்கஸும் ரோச்சும் பக்கத்திலேயே ஒரு எதிர்விழா நடத்தினார்கள். ஆகஸ்ட் 31, செப்டம்பர் 6 இரு நாட்களில் ஒலிப்பதிவானது 'வீ இன்சிஸ்ட்!', ரோச்சின் விடுதலைத் தொகுப்பு. பாட்டெழுதியவர் ஆஸ்கர் பிரவுன் ஜூனியர். பாடியவர் ஆபி லிங்கன். தயாரித்தவர் விமர்சகர் நாட் ஹென்டாஃப், கேண்டிட் நிறுவனத்துக்காக. அடிமை விடுதலைப் பிரகடனத்தின் நூற்றாண்டான 1963ஐ மனதில் வைத்துத் திட்டமிட்ட பெரிய படைப்பு இது. அதன் அரசியல் எப்படி இருக்க வேண்டும் என்பதில் பிரவுனுக்கும் ரோச்சுக்கும் ஒத்துப்போகவில்லை. நினைத்த வடிவில் முடியவேயில்லை. நமக்குக் கிடைத்திருப்பது அந்தச் சண்டையின் மிச்சம். முழுமையானதைவிட இந்த மிச்சமே மேல் என்று எனக்குப் படுகிறது.

முதல் பாட்டு 'டிரைவா மேன்'. தோட்டத்தில் அடிமைகளை வேலை வாங்குகிறவன். தமிழில் இதற்கு நான் சொல் தேட வேண்டியிருக்கவில்லை: கங்காணி. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்கும் மலாயா ரப்பர் தோட்டங்களுக்கும் போன நம் ஆட்கள் அனுபவத்தில் தோய்ந்த சொல். அமெரிக்கக் கங்காணி வெள்ளையன், சட்டம் முழுசாக அவன் பக்கம் என்பது வித்தியாசம். அவன் சவுக்கையும், பெண்ணுடல்மேல் அவன் கொண்டாடிய உரிமையையும், தப்பி ஓடுகிறவர்களைப் பிடிக்க அலைந்த ரோந்துக்காரர்களையும் பாட்டு சொல்கிறது. தாளம் ஐந்து அடி. நம்முடைய கண்டம். ஒவ்வொரு சுற்றின் முதல் அடியிலும் ஸ்நேரின் விளிம்பும் தோலும் சேர்ந்து 'டப்' என்று ஓர் அறை விழுகிறது. அதுதான் சவுக்கு. பிறகு நாலு அடி, அந்த அறைக்குக் கீழே நடக்கிற உழைப்பு. மறுபடி அறை.

இந்த அறையை அடிப்பவர் யார்? மாக்ஸ் ரோச். அடி வாங்கியவர்களின் பேரன், கங்காணியின் கையாக மாறி, தவறாமல், கணக்குப் பிசகாமல், ஒவ்வொரு சுற்றிலும் அடிக்கிறார். முரசு எதிர்ப்பின் கருவி என்ற நம் வாக்கியம் இங்கே தடுமாறுகிறது. காலத்தைக் காப்பது என்ற வேலைக்குள்ளேயே கங்காணி உட்கார்ந்திருக்கிறான் என்பதை ஒரு டிரம்மரால்தான் இப்படிக் காட்ட முடியும். சீரான அடி ஆட்டத்துக்கு வேண்டும், அணிவகுப்புக்கு வேண்டும், பருத்தி பறிக்கவும் வேண்டும். அறுபது வருஷத்துக்குப் பிறகும் இதைக் கேட்கும்போது முதல் அடிக்காகத் தோள் தன்னாலே இறுகுகிறது. சுகமாகத் தலையாட்ட விடாத தாளம் அது.

இந்தப் பாட்டில் சாக்ஸபோன் வாசித்தவர் கோல்மன் ஹாக்கின்ஸ். 1944இல் ரோச்சைப் பையனாகத் தன் ஒலிப்பதிவில் சேர்த்துக்கொண்ட பெரியவர். வாசிக்கும்போது ஓரிடத்தில் கருவி கீச்சிட்டுவிட்டது. திருத்திவிடலாம் என்றபோது, இந்த மாதிரிப் பாட்டில் எல்லாம் சுத்தமாக இருந்தால்தான் தப்பு, அப்படியே விடுங்கள் என்று சொல்லிவிட்டாராம். இன்றும் அந்தக் கீச்சு இருக்கிறது.

நடுவில் வரும் 'டிரிப்டிக்' மூன்று பகுதி: பிரார்த்தனை, எதிர்ப்பு, அமைதி. லிங்கனின் குரலும் ரோச்சின் டிரம்ஸும் மட்டும். சொற்களே இல்லை. இரண்டாம் பகுதியில் லிங்கன் அலறுகிறார். ஒரு நிமிடத்துக்கும் மேல், பாட்டாக மாற மறுத்து, வெறும் அலறலாக. வானொலியிலோ வரவேற்பறையிலோ இதைப் போட முடியாது. தென்னாப்பிரிக்க அரசு இந்தத் தொகுப்பைத் தடை செய்தது.

இங்கே ஒரு கணக்கு பாக்கி இருக்கிறது. இசைத்தட்டின் அட்டையில் உணவு மேடையில் உட்கார்ந்து நம்மைத் திரும்பிப் பார்க்கும் மூன்று கறுப்பு ஆண்கள், மறுபக்கம் வெள்ளைப் பணியாளர். தலைப்பிலும் ஆணின் பெயர். அலறிய தொண்டை பெண்ணுடையது. விலையையும் அவளே அதிகம் கொடுத்தாள். 1961 பிப்ரவரியில் லுமும்பா கொலையைக் கண்டித்து ஐ.நா. பாதுகாப்பு அவையின் பார்வையாளர் மாடத்தில் நடந்த போராட்டத்தை ஒழுங்கு செய்தவர்களில் லிங்கன் ஒருவர். அதே வருஷம் அவருடைய 'ஸ்டிரெய்ட் அஹெட்' வந்தபோது, டவுன் பீட் இதழில் ஐரா கிட்லர் என்ற வெள்ளை விமர்சகர் அவரைத் தொழில்முறை நீக்ரோ என்று எழுதினார். கறுப்பாக இருப்பதை வைத்துப் பிழைக்கிறாள் என்று அர்த்தம். 1962 மார்ச்சில் அதே இதழ் லிங்கன், ரோச், கிட்லர் எல்லோரையும் உட்கார வைத்து ஒரு விவாதம் வெளியிட்டது. அதற்கப்புறம் லிங்கன் பெயரில் அடுத்த தொகுப்பு பதிவானது 1973இல், அதுவும் ஜப்பானில். பன்னிரண்டு வருஷம்! ரோச்சுக்கு ஒலிப்பதிவுகள் குறைந்தன, நிற்கவில்லை. 1962இல் இருவரும் மணந்துகொண்டார்கள், 1970இல் பிரிந்தார்கள். குடித்துவிட்டு ரோச் கொண்ட கோபம் வீட்டுக்குள்ளும் இருந்தது. விடுதலைத் தொகுப்பு செய்தவர் என்பதற்காக நாம் இதை விழுங்கிவிட வேண்டியதில்லை. முதல் பாட்டில் கங்காணி பெண்ணுடல்மேல் கொண்டாடிய உரிமையைச் சொன்ன குரல் யாருடையது என்று நினைத்துக்கொண்டே அடுத்த பாட்டுகளைக் கேட்க வேண்டியிருக்கிறது.

அரசியலால் கலை கெட்டது என்று அன்றைய விமர்சகர்கள் சொன்னதற்கு 1966இன் 'டிரம்ஸ் அன்லிமிடெட்' தொகுப்பில் பதில் தேடலாம். அதில் மூன்று உருப்படிகள் டிரம்ஸ் மட்டும், வேறு யாரும் இல்லை. ஒன்று வால்ட்ஸ், மூன்றடித் தாளம். ஒன்றில் பேஸ் டிரம், இரண்டிலும் மூன்றிலும் ஹை-ஹேட். கால்கள் இரண்டும் கடைசிவரை இதையே மாற்றமில்லாமல் செய்துகொண்டிருக்க, கைகள் அதன்மேல் பேசுகின்றன, நிறுத்துகின்றன, யோசிக்கின்றன. பக்கவாத்தியம் என்று நாம் சொல்லும்போது யாருக்கோ பக்கத்தில் என்றுதான் அர்த்தம். இங்கே பக்கத்தில் யாருமில்லை. தன் கைக்குத் தன் காலே பக்கவாத்தியம். டிரம்ஸ் கற்றுக்கொள்ளும் பிள்ளைகள் உலகம் முழுக்க இன்னும் இதை வாசித்துப் பழகுகிறார்கள்.

பிறகு நடந்தவற்றை வேகமாகச் சொல்லிவிடலாம். 1970இல் தாள வாத்தியக்காரர்கள் மட்டுமே கொண்ட 'எம்பூம்' குழு. 1972 முதல் மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தின் ஆம்ஹர்ஸ்ட் வளாகத்தில் பேராசிரியர். தப்பான முறைக்காரரைக் கல்விப்புலம் அழைத்துக்கொண்டது. ஜாஸ் என்ற சொல்லையே அவர் விரும்பவில்லை, அது வெளியார் ஒட்டிய பெயர் என்பார். 1979 டிசம்பரில் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் செசில் டெய்லரோடு இருவர் கச்சேரி. பீபாப் தலைமுறையில் பலர் இளைஞர்களின் இசையைக் கண்டு முகம் சுளித்தபோது, 1983இல் இவர் நியூயார்க்கில் ஃபேப் ஃபைவ் ஃபிரெடி என்ற ராப் கலைஞரோடும் பிரேக் நடனக்காரர்களோடும் மேடையேறினார். ராப் பாடும் பையன்களிடம் கருவி வாங்கக் காசில்லை, பழைய இசைத்தட்டைத் திருப்பித் திருப்பிச் சுற்றித் தாளம் எடுக்கிறார்கள். முரசைப் பிடுங்கியபோது தொடையைத் தட்டியவர்களின் வழி இது என்று அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். 1988இல் மெக்ஆர்தர் நல்கை.

2007 ஆகஸ்ட் 16இல் ரோச் இறந்தார். லிங்கன் தன் பிற்காலத்தில் தானே எழுதிய பாட்டுகளோடு திரும்பி வந்து, 2010 ஆகஸ்டில் இறந்தார். 'வீ இன்சிஸ்ட்!' வெளியிட்ட கேண்டிட் ஒரு வருஷத்துக்குள் மூடப்பட்டு, பதிவு பல கைகள் மாறியது. 2022இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் அதைத் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்த்தது. ஹாக்கின்ஸின் கீச்சோடும், லிங்கனின் அலறலோடும்.